மகாராஜா சேரில் உட்காராதவர்

வாடகைக்கு நாற்காலி விடுகிறவனுக்கு ஒரு வியாதி உண்டு. எந்த விசேஷத்துக்குப் போனாலும் மேடையில் நடப்பதைக் கண் பார்க்காது. யார் எப்படி உட்கார்ந்திருக்கிறார்கள் என்றுதான் பார்க்கும். ஆரணியில் எனக்குப் பந்தல், நாற்காலி, அண்டா குண்டா வாடகைக்கு விடும் கடை. எங்கள் ஊர்ப் பட்டுக்கடை முதலாளிகள் நுனியில்தான் உட்காருவார்கள். ஃபோன் வந்தால் எழுந்து வெளியே போக வசதி. கட்சிக்காரர்கள் நாற்காலியை ஒரு தடவை பின்னால் இழுத்துச் சத்தம் எழுப்பி, எல்லாரும் திரும்பிப் பார்த்த பிறகு உட்காருவார்கள். மாப்பிள்ளை வீட்டுக்காரர்கள் எழுந்திருக்கவே மாட்டார்கள். பெண் வீட்டுக்காரர்கள் உட்காரவே மாட்டார்கள்.

என் கடையின் கௌரவம் ஒரே ஒரு சேரில் இருக்கிறது. சிவப்பு வெல்வெட், கைப்பிடி இரண்டிலும் சிங்கத் தலை, முதுகுப்பக்கம் ஆள் உயரத்துக்குத் தங்க வர்ணம் அடித்த வேலைப்பாடு. மகாராஜா சேர் என்று பெயர். சேவூர், தேவிகாபுரம் என்று சுற்றுவட்டாரத்தில் மஞ்சள் நீராட்டு விழாவோ காதுகுத்தோ பாராட்டு விழாவோ, எதுவானாலும் அந்தச் சேர் கிடைக்குமா என்று கேட்டுவிட்டுத்தான் பத்திரிகையே அடிப்பார்கள். அதில் அமைச்சர் உட்கார்ந்திருக்கிறார். சீரியல் நடிகை உட்கார்ந்து செல்ஃபி எடுத்திருக்கிறார். ஒரு காதுகுத்தில் குழந்தை ஒன்றுக்கே போயிருக்கிறது.

இத்தனை பேர் உட்கார்ந்த சேரில் உட்காராமல் பல வருஷம் எனக்குத் தண்ணி காட்டியவர் ஒரே ஒருவர்தான். அவர் கத்தோலிக்க சபையில் துணை ஆயராக இருந்தவர். போய்ச் சேர்ந்து கொஞ்ச காலம் ஆகிறது. பெயர் சொன்னால் மேலே இருந்துகொண்டே என்னைத் திட்டுவார், அதனால் விட்டுவிடுகிறேன்.

துணை ஆயர் என்றால் என்ன என்று எனக்கும் முதலில் தெரியாது. அம்மன் கோயில் கூழும் திருவிழாவுமாக வளர்ந்தவன் நான். அவர்தான் விளக்கினார். ஒரு மறைமாவட்டத்துக்கு ஓர் ஆயர், அதாவது பிஷப். அவருக்கு வேலை அதிகமானாலோ உடம்பு முடியாமல் போனாலோ, கூடமாட இருக்க இன்னொரு பிஷப்பைப் போடுவார்கள். அவருக்கும் தொப்பி உண்டு, செங்கோல் உண்டு, மோதிரம் உண்டு. நாற்காலி மட்டும் கிடையாது. மறைமாவட்டத்தின் தலைமைக் கோயிலில் பீடத்துக்குப் பக்கத்தில் ஆயருக்கென்று ஒரு நாற்காலி இருக்கும். அதில் அவர் ஒருவர்தான் உட்காரலாம். துணை ஆயர் பூசையே வைத்தாலும் ஓரமாக வேறு நாற்காலி போட்டுக்கொள்ள வேண்டும்.

"அப்ப நீங்க ஸ்டெப்னி மாதிரிங்களா சாமி?" என்று கேட்டேன்.

"ஸ்டெப்னியாவது பஞ்சர் ஆனா எடுத்து மாட்டுவாங்கய்யா. இது அதுவும் கெடையாது. பெரிய டயரு ஓடிகினே இருக்கும், நானும் பக்கத்துலயே உருண்டுகினு வரணும்" என்றார்.

உருண்டுகொண்டுதான் வருவார். ஆள் குட்டை, தொப்பை முன்னே வரும், குரல் அதற்கும் முன்னே வரும். அங்கிப் பையில் எப்போதும் வறுத்த வேர்க்கடலை இருக்கும். துணை ஆயர் ஆவதற்கு முன்னால் எங்கள் ஆரணிக் கோயிலில்தான் பங்குச் சாமியாராக இருந்தார். அப்போதே என் கடைக்கு வந்து உட்காருவது பழக்கம். கடையில் அத்தனை நாற்காலி அடுக்கிக் கிடக்கும். அவர் அண்டாவைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்காருவார். வந்ததும் முதல் கேள்வி ஒன்றுதான்.

"சேரு இன்னாய்யா சொல்லுது?"

"உங்களத்தான் கேட்டுகினு கீது சாமி" என்பேன். சிரித்துவிட்டுக் கடலையை நீட்டுவார்.

ஒரு சமயம் ஒரு வாரம் முழுக்க அந்தக் கேள்வியே வரவில்லை. தினமும் வந்தார், அண்டாவில் உட்கார்ந்தார், ஏதோ சொல்ல வாயைத் திறந்தார், ஒரு பிடி கடலையை உள்ளே தள்ளி வாயை மூடிக்கொண்டார். என் மனைவி சரளா, சாமிக்குச் சர்க்கரை வந்துவிட்டது, சொல்ல வெட்கப்படுகிறார் என்று முடிவே கட்டிவிட்டாள். பிறகுதான் தெரிந்தது, அவரைத் துணை ஆயராகப் போட்டுவிட்டார்கள். ரோமாபுரியிலிருந்து அறிவிப்பு வரும்வரை யாரிடமும் மூச்சு விடக்கூடாது என்பது அவர்கள் சட்டம். காலையில் என்ன டிபன் தின்றோம் என்பதைக்கூட ரகசியமாக வைத்துக்கொள்ளத் தெரியாத மனுஷனுக்கு அது பெரிய தண்டனை. அந்த வாரம் அவர் தின்ற கடலைக்கு ஒரு காணி நிலம் விளைந்திருக்க வேண்டும்.

பட்டம் கட்டிய பிறகு அவரை 'ஆண்டகை' என்று கூப்பிட வேண்டும் என்று உபதேசியார் சூசை எனக்குச் சொல்லிக்கொடுத்தார். கோயிலில் ஜெபம் சொல்லிக்கொடுத்து, மணி அடித்து, சாமியார் இல்லாத நாளில் எல்லாவற்றையும் பார்த்துக்கொள்கிறவர்தான் உபதேசியார். நானும் ஒரு தடவை பணிவாகக் கூப்பிட்டுப் பார்த்தேன். அவர் திரும்பித் தனக்குப் பின்னால் யாராவது வருகிறார்களா என்று பார்த்தார். அதோடு விட்டுவிட்டேன்.

பட்டு நெசவாளர் சங்க விழாவுக்குப் பெரிய ஆயரைக் கூப்பிட்டிருந்தார்கள். பெரியவருக்கு உடம்பு சரியில்லை என்று வழக்கம்போல இவர் வந்தார். வாழ்நாளில் பாதி நாள் இன்னொருத்தர் பெயர் போட்ட பத்திரிகைக்குத்தான் அவர் போய் வந்திருக்கிறார். மேடையில் மகாராஜா சேர் இருந்தது. ஏறி வந்தவர் அதைப் பார்த்தார். பிறகு கண் நாலு பக்கமும் ஆள் தேடியது. பந்தோபஸ்துக்கு வந்திருந்த சப் இன்ஸ்பெக்டர் மாட்டிக்கொண்டார். காலையிலிருந்து வெயிலில் நிற்கிறாரே என்று கையைப் பிடித்து இழுத்துவந்து சேரில் உட்கார வைத்துவிட்டார். பிஷப் உட்கார வைத்ததை எப்படித் தட்டிவிட்டு எழுந்திருப்பது என்று தெரியாமல், அந்த மனுஷன் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு பெண் பார்க்க வந்தவர் மாதிரி விழா முடியும்வரை உட்கார்ந்திருந்தார். துணை ஆயர் ஓரத்தில் கிடந்த பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து அவருக்குக் கடலை கொடுத்துக்கொண்டிருந்தார்.

அன்றைக்குச் சங்கத் தலைவர் மைக்கிலேயே கேட்டார். "பிஷப்புன்னா ஒரு ஊரு இருக்கும்னு சொல்றாங்களே, ஐயாவுக்கு எந்த ஊருங்க?"

"எனக்கும் ஒரு ஊரு குடுத்துகிறாங்க" என்றார் இவர். "துணை ஆயருக்குப் பழைய காலத்து ஊரா பாத்து, பேருக்குக் குடுப்பாங்க. என்னுது கடலுக்கு அந்தாண்ட, பாலைவனத்துல கீது. எப்பவோ மண்ணு மூடிடுச்சு. ஆளும் இல்ல, கோயிலும் இல்ல."

"அடப்பாவமே" என்றார் தலைவர், மைக் இருப்பதை மறந்து.

"பாவம் இன்னா பாவம்? நான் பிஷப்பா வந்ததுலேந்து அந்த ஊர்ல ஒரு சண்ட இல்ல, ஒரு வழக்கு இல்ல, எம்மேல ஒரு மொட்டைப் பெட்டிஷன் கெடையாது. உங்க சங்கத்த அப்டி நடத்திக் காட்டுங்க பாப்போம்."

சங்கத்தில் அப்போது இரண்டு கோஷ்டி. இரண்டு கோஷ்டியும் ஒன்றாகக் கைதட்டியது அன்றைக்குத்தான்.

எனக்குச் சிரிப்பு வந்தாலும் உள்ளே எரிச்சல்தான். என் சேரில் ஒரு போலீஸ்காரர் உட்கார, பிஷப் பிளாஸ்டிக்கில் உட்காருவதா? இவரை ஒரு நாளாவது அதில் உட்கார வைக்காமல் விடுவதில்லை என்று அப்போதுதான் வைராக்கியம் வந்தது. சரளாவிடம் சொன்னேன்.

"அவரு குந்தமாட்டாரு. அவ்ளோ ஆசையா இருந்தா நீங்க போயி குந்துங்க" என்றாள்.

அடுத்த விழாவில் மேடையில் மகாராஜா சேரைத் தவிர வேறு நாற்காலியே போடவில்லை. அவர் மேடைப் படிக்கட்டில் பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு நடுவே இடம் பிடித்துக்கொண்டார். அதற்கடுத்த தடவை படிக்கட்டில் பூந்தொட்டிகளை வரிசையாக அடுக்கினேன். முட்டி வலி, உட்கார்ந்தால் எழுந்திருக்க முடியாது என்று சொல்லிவிட்டு விழா முழுக்க நின்றார். இறங்கிப் போகும்போது என்னிடம், "பூச்செடிக்குத் தண்ணி ஊத்துய்யா, வாடிப்போச்சு" என்றார்.

பிறகு அந்த ஜோடி சோபா விவகாரம். அன்று நல்ல முகூர்த்த நாள். கோயிலில் பிள்ளைகளுக்கு நெற்றியில் எண்ணெய் பூசும் உறுதிபூசுதல் சடங்கை நடத்த அவர் வருகிறார். அங்கே மகாராஜா சேர் போக வேண்டும். மண்டபத்தில் ஒரு கல்யாண வரவேற்பு. அங்கே மணமக்கள் உட்காரும் ஜோடி சோபா போக வேண்டும். இரண்டையும் வெள்ளைத் துணி சுற்றித்தான் அனுப்புவோம், பந்தல் தூசி படக்கூடாது என்று. ஏற்றுகிற ஆட்கள் துணிக்குள்ளே எது என்று பார்க்காமல் மாற்றி ஏற்றிவிட்டார்கள். பவனி வாசலுக்கு வந்த நேரத்தில் கோயிலில் துணியை உருவினார்கள். உள்ளேயிருந்து இதய வடிவத்தில் முதுகு வைத்த ரோஸ் கலர் சோபா வந்தது. மேலே தெர்மாகோலில் மணமக்கள் பெயர், நடுவில் இரண்டு புறா.

நான் கதவோரம் ஒதுங்கினேன். அவர் செங்கோலும் தொப்பியுமாக நடந்து வந்தார். சோபாவைப் பார்த்தார். முகத்தைக் கடுமையாகத்தான் வைத்துக்கொண்டார், ஆனால் தொப்பி ஆட ஆரம்பித்துவிட்டது. சட்டைக் காலரில் மாட்டியிருந்த சின்ன மைக்கை மறந்துவிட்டு, பக்கத்தில் நின்ற உபதேசியாரிடம் மெதுவாகக் கேட்டார்.

"பொண்ணு யாருய்யா?"

கோயில் முழுக்கக் கேட்டது. முன்வரிசைக் கன்னியாஸ்திரிகள் குனிந்துகொண்டார்கள். அதற்குள் அவருக்கு யோசனை வந்துவிட்டது. சூசையின் மனைவி அந்தோணியம்மா பெண்கள் பக்கத்தில் இருந்தார். அவரைக் கூப்பிட்டார். இரண்டு பேரையும் பிடித்து அந்தச் சோபாவில் உட்கார வைத்தார்.

"இவங்களுக்கு அந்தக் காலத்துல காலைப் பூசையில கல்யாணம். பூசை முடிஞ்சி நேரா நடவுக்குப் பூட்டாங்க. ரிசப்ஷன்னு ஒண்ணு நடக்கவே இல்ல. இன்னிக்கி நடக்கட்டும்" என்றார் சபையைப் பார்த்து.

பூசை முடிந்ததும் ஊரே வரிசையில் நின்று அவர்களோடு போட்டோ எடுத்துக்கொண்டது. சூசை அட்டென்ஷனில் உட்கார்ந்திருந்தார். அந்தோணியம்மா முந்தானையால் வாயை மூடிச் சிரித்துக்கொண்டே இருந்தார். தலைக்கு மேலே வேறு யாரோ இருவர் பெயர் எழுதியிருக்கும் அந்தப் படம் இன்றைக்கும் அவர்கள் வீட்டில் மாட்டியிருக்கிறது. மண்டபத்தில் என்னவென்றால், மாப்பிள்ளையும் பெண்ணும் மகாராஜா சேர் ஒன்றிலேயே ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்களாம். மாப்பிள்ளை எனக்கு நன்றி சொல்லி அனுப்பினான்.

நான் மன்னிப்புக் கேட்கப் போனேன். "உன் தொழில்ல நீ பண்ண உருப்படியான தப்பு இதுதான்யா" என்று முதுகில் ஒன்று வைத்தார்.

இவரோடு இப்படி விளையாட்டாகவே போயிருக்கும். ஒரு நாள் நான் கேட்காமல் இருந்திருக்கலாம். கடையில் வேறு யாருமில்லாத மத்தியானம், அவர் அண்டாமேல் உட்கார்ந்திருந்தார். ஏன் சாமி இப்படிச் சேரைக் கண்டாலே ஓடுகிறீர்கள் என்று கேட்டேன். சிரித்துக்கொண்டேதான் சொன்னார்.

அவர் வந்தவாசிப் பக்கத்து ஒரு காலனியில் பிறந்தவர். அப்பா பண்ணையில் கூலி. அந்தக் காலனிக்கு எப்போதாவதுதான் சாமியார் வருவார். வருகிறவருக்கு உட்கார வேண்டுமே. காலனியில் யார் வீட்டிலும் நாற்காலி கிடையாது. ஊர்ப் பள்ளிக்கூடத்திலிருந்து ஒரு நாற்காலியை இரவல் வாங்கி, தலையில் வைத்து வரப்பு வழியாகக் கொண்டுவருவது அப்பாவின் வேலை. ஒரு தடவை இவரும் கூடப் போயிருக்கிறார். அப்பா நாற்காலியை வரப்பில் இறக்கிவைத்து வாய்க்காலில் தண்ணீர் குடிக்கப் போன நேரத்தில், பையன் ஏறி உட்கார்ந்துவிட்டான்.

"வுட்டாரு பாரு ஒரு அறை. கோவம் இல்லய்யா அது. அறைஞ்சிட்டு சுத்தி சுத்திப் பாக்கறாரு, எவனாவது பாத்துட்டானான்னு. பண்ணைக்காரங்க கண்ணுல பட்டா அந்தச் சேரு மறுபடி காலனிப் பக்கம் வராது."

"அப்புறம்?"

"அப்புறம் நானே சாமியாரா ஆயி அதே காலனிக்குப் போறேன். எங்கப்பன் அதே சேரத் தூக்கிகினு வர்றாரு, எனக்கு. நீ குந்து நைனான்னேன். மாட்டேன்னுட்டாரு. அவரு குந்தாம நான் எப்டி குந்தறது? சேரு நடுவுல கெடந்துச்சு. ரெண்டு பேரும் ஆளுக்கொரு பக்கம் நின்னுகினு டீ குடிச்சோம்." சொல்லிவிட்டுத் தொப்பை குலுங்கச் சிரித்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. என் அப்பாவும் பந்தல்காரரிடம் நாற்காலி தூக்கியவர்தான். எத்தனையோ கல்யாணத்துக்குத் தோளில் சுமந்திருக்கிறார், ஒன்றில்கூட உட்கார்ந்து பார்த்ததில்லை. சொந்தமாகக் கடை வைத்த அன்று முதல் நாற்காலியில் அவரைத்தான் உட்கார வைக்க நினைத்தேன், அதற்குள் போய்விட்டார். இதை அவரிடம் சொன்னேன். அவர் கையிலிருந்த கடலையை எல்லாம் என் கையில் கொட்டினார்.

அதற்குப் பிறகு அவரைச் சேரில் உட்கார வைக்கும் ஆசை எனக்கு விளையாட்டாக இல்லை. அப்போதுதான் பெரிய ஆயரும் வயதாகி ஓய்வு பெற்றார். அடுத்த ஆயர் யார் என்று ரோமாபுரி சொல்லும்வரை நிர்வாகம் இவர் கைக்கு வந்தது. ஒரு வருஷத்துக்கு மேல் எல்லா வேலையும் இவர்தான் பார்த்தார். தலைமைக் கோயில் நாற்காலி மட்டும் காலியாகவே இருந்தது. இவர் பூசை வைக்கும்போதும் ஓரத்து நாற்காலிதான். ஆனால் இனி இவர்தான் என்று எல்லாருக்கும் நிச்சயம். வந்தவாசி, செய்யார்ப் பக்கத்துக் காலனிகளில் அதுதான் பேச்சு. அந்த நாற்காலியில் அதுவரைக்கும் அவர்கள் சனத்தில் ஒருத்தரும் உட்கார்ந்ததில்லை. "நம்மாளு குந்தப்போறாரு" என்று சூசை பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்வார். கிறிஸ்தவனே அல்லாத நானும் நடுவே நின்று தலையாட்டினேன். அவர் அதில் உட்கார்ந்தால் இரண்டு அப்பன்களும் உட்கார்ந்த மாதிரி என்று எனக்குள் ஒரு கணக்கு ஓடியது.

அந்த நாட்களில்தான் அது நடந்தது. கோட்டை மைதானத்தில் சாயங்காலம் ஒரு பள்ளி விழா. அவர் பஸ்ஸில் வருகிறவர், எப்போதும் சீக்கிரமாக வந்துவிடுவார். வந்ததும் அவரைக் கடையில் விட்டுவிட்டு நான் டீ வாங்கப் போனேன். திரும்பி வந்தபோது குடோன் ஷட்டர் பாதி இறங்கியிருந்தது. குனிந்து பார்த்தேன்.

துணை ஆயர் மகாராஜா சேரில் உட்கார்ந்திருந்தார். இரண்டு கையும் இரண்டு சிங்கத் தலைமேல். மோவாய் மேலே தூக்கியிருந்தது. கால் தரைக்கு எட்டவில்லை. வலது பக்கம் அடுக்கிக் கிடந்த பிளாஸ்டிக் நாற்காலிகளைப் பார்த்துத் தலையை லேசாக அசைத்தார். இடது பக்கம் அண்டாக்களைப் பார்த்து அசைத்தார். பிறகு விரலைத் தூக்கி எல்லாவற்றையும் ஆசீர்வதித்தார். முன்னால் நின்ற பெரிய அண்டாவிடம் கனத்த குரலில் சொன்னார்: "உங்கள் மனு நம்முடைய பரிசீலனையில் இருக்கிறது."

எனக்கு டீ கையில் சிந்திவிட்டது. சத்தம் கேட்டுக் குதித்து இறங்கினார். முகம் சிவந்துபோனது.

"சேரு கெட்டியா கீதான்னு பாத்தேன்" என்றார்.

"எப்டி சாமி கீது?"

சேரைத் திரும்பிப் பார்த்தார். "நல்லாத்தான்யா கீது. அதான் பேஜாரு" என்றார். பிறகு என் கையைப் பிடித்து, "யார்கிட்டயும் சொல்லாத" என்றார். அவர் உயிரோடு இருந்தவரைக்கும் சரளாவிடம்கூடச் சொல்லவில்லை.

அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது. மனுஷன் சேர் பிடிக்காமல் ஓடவில்லை. பிடித்துப்போய்விடும் என்று ஓடிக்கொண்டிருந்திருக்கிறார்.

அறிவிப்பு வந்தது. வேறொருவர் பெயர். தூரத்து மாவட்டத்துக்காரர், வயதில் இவரைவிடச் சின்னவர், நல்லவர் என்றுதான் சொன்னார்கள். சூசை அன்று கோயில் மணியை அடிக்கவில்லை. எனக்குக் கோபமான கோபம். யார்மேல் என்றுதான் தெரியவில்லை. அந்தக் கோபத்தில் இருக்கும்போதே அவரிடமிருந்து ஃபோன் வந்தது.

"புது ஆயரு பதவி ஏக்கற விழாய்யா. சனம் நெறைய வரும். நம்ம ஆரணி சேருதான் வரணும்."

"நான் வரமாட்டேன் சாமி."

"நீ வராட்டி போ. சேர அனுப்பு" என்றார்.

போனேன். தலைமைக் கோயில் மைதானம் முழுக்க என் நாற்காலிகள். உள்ளே ஒரு தூண் ஓரமாக நின்று பார்த்தேன். ஏதேதோ வாசித்தார்கள், கைதட்டினார்கள். பிறகு துணை ஆயர் புதியவரின் கையைப் பிடித்து அந்த நாற்காலிக்கு அழைத்துப் போனார். உட்கார வைப்பதற்கு முன்னால் ஒரு காரியம் செய்தார். அங்கிக்குள்ளிருந்து கைக்குட்டையை எடுத்து, உட்காரும் இடத்தை ஒரு தடவை துடைத்தார். கைப்பிடியை அழுத்தி ஆட்டம் இருக்கிறதா என்று பார்த்தார். ஒவ்வொரு விழாவிலும் சேரைப் போட்டதும் நான் செய்கிற வேலை அது. என்னைப் பார்த்துப் பார்த்துக் கற்றுக்கொண்டிருக்கிறார். பிறகு புதியவரை உட்கார வைத்துவிட்டு, ஓரத்து நாற்காலிக்கு உருண்டு போனார். நான் வெளியே வந்து வேனுக்குப் பின்னால் நின்று அழுதேன்.

சாப்பாட்டுப் பந்தலில் என்னைத் தேடிக்கொண்டு வந்தார்.

"சேரு இன்னாய்யா சொல்லுது?"

நான் வேறு பக்கம் திரும்பி நாற்காலிகளை எண்ண ஆரம்பித்தேன்.

"மூஞ்சிய ஏன் இப்டி வெச்சிகினு கீற? பிரியாணி ஆறுது பாரு" என்றார். இலைக்கு முன்னால் என்னைத் தள்ளி உட்கார வைத்துவிட்டு, குனிந்து காதோடு சொன்னார்: "ஒரு வாரம் தூக்கம் இல்லய்யா. ஆசப்பட்டுத்தான் இருந்தேன். இப்பக் கொஞ்சம் பரவால்ல." சொல்லிவிட்டு எனக்கு இன்னொரு துண்டுக் கறி வைக்கச் சொல்லிவிட்டுப் போனார்.

சில வருஷம் கழித்து அவரும் ஓய்வு பெற்றார். வயதான சாமியார்களுக்கென்று இருக்கும் இல்லத்தில் அவருக்கு ஓர் அறை கொடுத்தார்கள். ஒரு நாள் பகலில் செய்யார் பஸ்ஸிலிருந்து இறங்கி, வெள்ளைச் சட்டை வேட்டியோடு கடைக்குள் வந்து நின்றார். ஆள் இளைத்துப்போயிருந்தார். தொப்பை போன இடத்தில் சட்டை தொங்கியது. பழக்கத்தில் அண்டாவைக் கவிழ்க்கக் குனிந்தவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டார். நான் அண்டாவைப் பிடுங்கி வைத்தேன்.

"சாமி, இன்னிக்கி விழா இல்ல. மேடை இல்ல. பாக்க ஒரு ஆளு இல்ல. நீங்களும் இப்ப பதவியில இல்ல. அதுல குந்துங்க."

குடோனில் மகாராஜா சேர் துடைத்துத் தயாராக நின்றது. அவர் அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். இந்தத் தடவை ஆள் தேடவில்லை. போய் உட்கார்ந்தார். நான் ஒரு ஸ்டூல் இழுத்துக் காலுக்குக் கீழே வைத்தேன். டீ குடித்தார், சரளா கொண்டுவந்த வடையைத் தின்றார், பாதிப் பேச்சில் அப்படியே தூங்கிப்போனார்.

அந்த நேரம் பார்த்து வாசலில் வேன் வந்து நின்றது. மறந்தே போயிருந்தேன். அன்று சாயங்காலம் ஒரு மஞ்சள் நீராட்டு விழா. மகாராஜா சேரை அதற்குத்தான் துடைத்து வைத்திருந்தேன். பெண்ணின் தாய்மாமன் பட்டு வேட்டியும் சென்ட் வாசனையுமாக இறங்கினார்.

"சேரு ரெடியாங்க? ஜல்தி ஏத்துங்க, மேடையில பூ கட்டறவன் நிக்கறான்."

குடோனுக்குள் அவர் கண்மூடி, சிங்கத் தலைமேல் கைவைத்து, வாய் லேசாகத் திறந்து தூங்கிக்கொண்டிருந்தார். எழுப்பினால் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். ஒரு வார்த்தை பேச மாட்டார். எழுந்து கைக்குட்டையால் துடைத்துக் கொடுத்துவிடுவார். வாழ்நாள் முழுக்கச் செய்ததை இன்னொரு தடவை செய்துவிடுவார். இந்தத் தொழிலுக்கு வந்ததிலிருந்து வாக்குக் கொடுத்த சாமானை நான் அனுப்பாமல் இருந்ததில்லை.

"மன்னிச்சிக்குங்க, அந்தச் சேரு இன்னிக்கி வராதுங்க" என்றேன்.

தாய்மாமன் குதித்தார். அக்கா முகத்தில் எப்படி முழிப்பது என்றார். சொந்தக்காரர்கள் சிரிப்பார்கள் என்றார். மெதுவாகப் பேசுங்கள் என்று நான் வாயில் விரல் வைத்ததில் இன்னும் கோபம் வந்தது. ஜோடி சோபாவைத் தருகிறேன், பெண்ணோடு அவள் தங்கையும் உட்காரலாம், படம் நன்றாக விழும் என்று கெஞ்சினேன். அவர் என்னைத் தள்ளிவிட்டு ஷட்டருக்குள் தலையை நீட்டினார். நீட்டியவர் அப்படியே நின்றார்.

"யாருங்க அந்தப் பெரியவரு?"

"அந்தச் சேருக்குச் சொந்தக்காரரு" என்றேன்.

"அப்ப நீங்க?"

"நான் வாடகைக்கு வுடறவன்."

அவர் இன்னொரு தடவை உள்ளே பார்த்தார். பட்டு வேட்டியை மடித்துக் கட்டினார். "சரி, அந்தச் சோபாவைக் காட்டுங்க" என்றார் தாழ்ந்த குரலில். ரோஸ் கலர் சோபாவை ஒரு பக்கம் அவரே பிடித்தார். சத்தம் வராமல் தூக்கி வேனில் ஏற்றினோம். வேன் போனதும் பூனை மாதிரி உள்ளே வந்தேன்.

"பூட்டாங்களா?" என்றார் சாமி, கண்ணைத் திறக்காமல்.

"நீங்க தூங்கலயா?"

"வேன் சத்தத்துலயே முழிச்சிகினேன்."

"அப்புறம் ஏன் சாமி கண்ணத் தொறக்கல?"

"தொறந்தா குடுத்துடுவேன்யா" என்றார். கண் அப்போதும் மூடித்தான் இருந்தது. கை மட்டும் சிங்கத்தின் தலையை இறுக்கிப் பிடித்திருந்தது.